‘வி’ என்று தொடங்கிய புட்டி

பதினேழு வயதில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், என் அப்பாவுக்கு நானே விஷம் கொடுத்துவிட்டேன் என்று நம்பினேன். கொடுத்தது கேரட்டும் முள்ளங்கியும்தான். ஆனால் அவற்றை எதில் ஊற வைத்தேன் என்பது எனக்கே தெரியாமல் போய்விட்டது. இன்றைக்கும் யாராவது முள்ளங்கியைக் குச்சி குச்சியாக நறுக்குவதைப் பார்த்தால் பக்கத்தில் இருக்கிற புட்டியில் என்ன எழுதியிருக்கிறது என்று ஒரு தரம் பார்த்துக்கொள்கிறேன்.

அப்பாவுக்குத் துறைமுகத்தில் வேலை. தூத்துக்குடியிலிருந்து கல்கத்தாவுக்கு மாற்றலாகி வந்தபோது எனக்கு மூன்று வயது. டாக்குரியாவில் ரயில் சத்தம் கேட்கிற இரண்டாம் மாடி வீடு. பள்ளியில் வங்காளமும் ஆங்கிலமும் படித்தேன், வீட்டில் தமிழ் பேசினேன். தமிழ் எழுத்துச் சொல்லிக்கொடுக்க அம்மா படாத பாடு பட்டாள். அவள் விரல் வைக்கிற இடத்தில் என்ன வரும் என்று மனப்பாடம் செய்துகொண்டு கடகடவென்று ஒப்பித்துவிடுவேன். “எம் மகளுக்குத் தமிழ் தண்ணி பட்ட பாடு” என்று ஊரில் எல்லாரிடமும் சொல்லி வைத்திருந்தாள். உண்மையில் எனக்கு அடையாளம் தெரிந்தவை ‘அம்மா’, ‘அப்பா’, பிறகு என் பெயரின் முதல் எழுத்தான ‘வி’. என் துண்டிலும் டிபன் பாக்ஸிலும் அந்த ஓர் எழுத்தை மட்டும்தான் அம்மா போடுவாள். மற்றதெல்லாம் எனக்குக் கோலம். வயது ஏற ஏற, தெரியாது என்று சொல்வது கஷ்டமாகிக்கொண்டே வந்தது. பொய் சொன்ன வாய்க்குப் போஜனம் கிடைக்காது என்பார்கள். எனக்குப் பத்து வருஷம் மூன்று வேளையும் தவறாமல் கிடைத்தது.

தொண்ணூறுகளின் கடைசியில் ஒரு குளிர்காலத்தில் அப்பா சரக்கு இறக்குவதை மேற்பார்வை பார்த்த கப்பல் ஒன்றில் சமையல்காரர் வியட்நாம்காரர். நீள ரொட்டியை வகிர்ந்து, நடுவில் முட்டையும், புளிப்பும் தித்திப்புமாகக் கேரட் முள்ளங்கிக் குச்சிகளும் திணித்து ஒருநாள் அப்பாவுக்குக் கொடுத்திருக்கிறார். அவ்வளவுதான், அப்பாவுக்குப் பித்துப் பிடித்துவிட்டது. பாஷை தெரியாத அந்த மனிதரிடம் கையையும் காலையும் ஆட்டிச் செய்முறையைக் கேட்டுக்கொண்டு வந்தார்.

“உப்பும் சீனியும் போட்டுப் பிசையணும். முள்ளங்கி ஒடியாம வளையும் பாரு, அப்ப கழுவிப் பிழியணும். பிறகு வினிகர், சீனி, வெந்நி. ஒரு மணி நேரத்துல ஊறுகாய்!”

“ஒரு மணி நேரத்துல ஊறுனா அதுக்குப் பேரு ஊறுகாயா? ஊறாத காய்” என்றாள் அம்மா. “அதுவும் முள்ளங்கி. டப்பாவைத் தெறந்தா வீடே நாறும்.”

அப்பாவுக்கு நாற்றம் ஒரு பொருட்டில்லை. இருபது வருஷமாக மூக்குப்பொடி போடுகிறவர். மல்லிகைப்பூவையும் மீன் கூடையையும் கண்ணால் பார்த்துத்தான் வித்தியாசம் கண்டுபிடிப்பார். அவர் தினமும் ‘வியட்நாம் ஊறுகாய், வியட்நாம் ஊறுகாய்’ என்று ஜபம் செய்ய, அம்மா தினமும் மறுக்க, ஒரு மாதம் ஓடியது.

அதற்குள் அம்மா ஊருக்குப் போக வேண்டியதாயிற்று. கர்ப்பப்பையை எடுக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். தூத்துக்குடியில் சித்தி வீட்டில் இருந்துகொண்டு ஆபரேஷன் செய்துகொள்வதாக ஏற்பாடு. எனக்குப் பதினொன்றாம் வகுப்புப் பரீட்சை, அப்பாவுக்கு லீவு இல்லை. தனியாகத்தான் போனாள். கிளம்புகிற அன்று அடுக்களையில் என்னை நிறுத்தி ஒவ்வொரு டப்பாவாகக் காட்டினாள்.

“எல்லாத்துலயும் பேரு எழுதி ஒட்டிருக்கேன். வினிகரும் வாங்கி வச்சாச்சு. உங்கப்பா ரொம்ப உயிரை எடுத்தாருன்னா செஞ்சு குடு. ஆசிட் பாட்டில்ல விஷம்னு எழுதிருக்கேன். ரெண்டும் ஒரே மாதிரி ஸ்குவாஷ் பாட்டிலு. பார்த்து எடுக்கணும், கேட்டியா?”

கேட்டேன். வாசலுக்கு வந்து கூவுகிறவனிடம் கக்கூஸ் கழுவ ஆசிட் வாங்கி, காலிப் புட்டியில் ஊற்றிக்கொள்வது எங்கள் தெருவில் எல்லா வீட்டிலும் வழக்கம். ஆசிட், ஃபினாயில், கரப்பான் மருந்து மூன்றுக்கும் அம்மா வைத்த பெயர் விஷம். நான் ‘சரி சரி’ என்று தலையை ஆட்டினேன். மனசுக்குள், ‘வினிகர், வி. நம்ம எழுத்துதானே, சுலபம்’ என்று நினைத்துக்கொண்டேன். விஷத்துக்கும் அதே எழுத்து என்பது அப்போது உறைக்கவில்லை.

ஊரில் ரத்தம் குறைவாக இருக்கிறது என்று ஆபரேஷனைத் தள்ளிப் போட்டார்கள். அந்த நாட்களில் அம்மாவிடமிருந்து ஓர் இன்லேண்ட் லெட்டர் வந்தது, எனக்கென்று தனியாக, என் பெயருக்கு. பிரித்தேன். மூன்று பக்கமும் நுணுக்கி நுணுக்கிக் கோலம். மடித்துக் கெமிஸ்ட்ரிப் புத்தகத்துக்குள் வைத்துவிட்டேன். “என்ன எழுதிருக்கா?” என்று அப்பா கேட்டார். “உங்களைப் பார்த்துக்கச் சொல்லித்தான்பா” என்றேன். அடுத்த ஞாயிறு தெருமுனை எஸ்.டி.டி. பூத்திலிருந்து பேசியபோது அம்மாவே கேட்டாள்.

“லெட்டர் வந்துச்சாட்டி? படிச்சியா?”

“படிச்சேன்மா. நல்லா இருந்துச்சு.”

“நல்லா இருந்துச்சா?” என்று அம்மா திருப்பிக் கேட்டாள். பிறகு, “அப்பாகிட்ட குடு” என்றாள்.

அதற்கடுத்த ஞாயிறுதான் நான் சொல்ல வந்த ஞாயிறு. புதன்கிழமை ஆபரேஷன் என்று நாள் குறித்தாகிவிட்டது. அப்பா இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. அவருக்கு ஏற்கெனவே வயிற்றுப்புண். நான் பொங்குகிற சாதமோ ஒரு நாள் கஞ்சி, ஒரு நாள் கல். சரி, மனிதர் ஆசைப்பட்டதையாவது செய்து போடுவோம் என்று ஸ்டேஷன் ஓரத்துச் சந்தைக்குப் போய் முள்ளங்கியும் கேரட்டும் வாங்கி வந்தேன். குளிர்கால முள்ளங்கி, இலையோடு, முழங்கை நீளம். தீக்குச்சியைவிடக் கொஞ்சம் தடிமனாக நறுக்கி, உப்பும் சீனியும் போட்டுப் பிசைந்தேன். தண்ணீர் விட்டுக்கொண்டு சுருங்கியது. ஒரு குச்சியை எடுத்து இரண்டு முனையையும் தொட வைத்தேன். ஒடியவில்லை. எனக்கே என்மேல் ஒரு மரியாதை வந்துவிட்டது. கழுவிப் பிழிந்து பாட்டிலில் அடைத்தேன். ‘வி’ என்று தொடங்கிய புட்டியை எடுத்து ஒரு டம்ளர் ஊற்றி, சீனியும் வெந்நீரும் கலந்து மேலே விட்டேன். விரலால் தொட்டு நக்கினேன். புளித்தது. வாசனை தெரியவில்லை, எனக்கு நாலு நாளாக ஜலதோஷம்.

அப்பா சப்புக் கொட்டிக்கொண்டு தின்றார். ரொட்டி, ஆம்லெட், ஊறுகாய், மறுபடி ஊறுகாய். “அந்தக் கப்பல்காரன் தோத்தான் போ!” என்றார். இரண்டு மணி ஷிப்டுக்குக் கிளம்பும்போது மிச்சத்தையும் டப்பாவில் போட்டுக்கொண்டார். கூட வேலை பார்க்கிறவர்களுக்குக் காட்ட வேண்டுமாம். செருப்பு மாட்டும்போது நெஞ்சுக்குக் கீழே கையை வைத்துத் தேய்த்தார். “என்னமோ எரியுது. காலைல ஒண்ணும் சாப்பிடலேல்லா, அதான்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

பாத்திரம் கழுவும்போதுதான் அந்தப் புட்டியைத் துடைத்து வைக்க எடுத்தேன். ஒட்டியிருந்த காகிதத்தை முதல் முறையாக முழுதாகப் பார்த்தேன். முதலில் ‘வி’. கடைசியில் ஓர் எழுத்து, மேலே புள்ளியோடு. அது எனக்குத் தெரிந்த எழுத்து. ‘அம்மா’வின் நடுவில் வருகிற ‘ம்’. வினிகர் என்று இரண்டு தரம் வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். அதில் எங்கேயும் ‘ம்’ இல்லை. ‘வி’யில் தொடங்கி ‘ம்’மில் முடிவது எது என்று யோசிக்க எனக்கு ஒரு விநாடிகூட ஆகவில்லை.

எழுத்துகளை எண்ணினேன். ஐந்து. விஷத்துக்கு எத்தனை எழுத்து? தமிழில் புள்ளி வைத்த எழுத்து எங்கே நுழையும், எங்கே நுழையாது என்பது எனக்குப் பிடிபட்டதே இல்லை. இன்னொரு புட்டியைக் கண்டுபிடித்துவிட்டால் ஒப்பிட்டுப் பார்த்துவிடலாம் என்று குளியலறைக்கு ஓடினேன். ஆசிட் புட்டி இருக்கிற மூலையில் அது இல்லை. அடுக்களையில் ஒவ்வொரு டப்பாவாக நகர்த்தினேன், கட்டிலுக்கு அடியில் குனிந்தேன். எங்கும் இல்லை. வீடு கழுவுகிற மாஷியைக் கேட்கலாம் என்றால் அவள் மத்தியான லோக்கல் ரயிலில் ஊருக்குப் போயிருப்பாள். ஆசிட் புட்டியை இடம் மாற்றி அடுக்களையில் வைத்தது அவள்தான் என்று தீர்மானித்துவிட்டேன். வினிகரைத்தான் ஆசிட் என்று நினைத்து அவள் கக்கூஸில் ஊற்றியிருப்பாள். எல்லாம் பொருந்தி வந்தது. பயத்துக்கு மட்டும் எதைக் கொடுத்தாலும் பொருந்திவிடும்.

சயன்ஸ் படிக்கிற பெண் இல்லையா, சோதித்துப் பார்த்தேன். புட்டியிலிருந்து நாலு சொட்டு எடுத்துக் குளியலறையின் மொசைக் தரையில் விட்டேன். சின்னச் சின்னதாகக் குமிழி கிளம்பியது. அமிலம் பட்டால் சலவைக்கல் பொங்கும் என்று புத்தகத்தில் படித்திருக்கிறேன். வினிகருக்கும் அப்படித்தான் பொங்கும் என்பது அதே புத்தகத்தின் அடுத்த பக்கத்தில் இருந்திருக்கும். அந்தப் பக்கத்தில்தான் அம்மாவின் லெட்டரை வைத்திருந்தேனோ என்னவோ, எனக்கு நினைவு வரவில்லை. அமிலமெல்லாம் புளிக்கும் என்று மட்டும் நன்றாக நினைவு வந்தது. நான் நக்கிப் பார்த்தபோது புளித்ததே! உடனே என் தொண்டையும் எரிய ஆரம்பித்தது. அப்பா நெஞ்சைத் தேய்த்த கை கண்ணுக்கு முன்னாலேயே நின்றது. புண் இருக்கிற வயிறு. இரண்டு தட்டு தின்றார். மிச்சத்தை வேறு நாலு பேருக்கு எடுத்துக்கொண்டு போயிருக்கிறார்.

புட்டியைத் துணிப்பையில் போட்டுக்கொண்டு தெருமுனை பூத்துக்கு ஓடினேன். மாற்றிப் போட்ட செருப்பைப் பார்த்து யாரோ சிரித்தார்கள். முதலில் அப்பாவின் ஷெட்டுக்குப் போன் செய்தேன். எடுத்தவர், “ஸார் ஜஹாஜே உடேச்சேன்” என்றார். கப்பலில் ஏறிவிட்டாராம். அவசரம், உடனே கூப்பிடுங்கள் என்று வங்காளத்தில் கெஞ்சினேன். இறங்கியதும் சொல்கிறேன் என்று வைத்துவிட்டார். கப்பலில் ஏறினால் அப்பா இறங்க மூன்று மணி நேரம் ஆகும். அதற்குள் இரும்பு ஏணியில் வைத்து அவருக்குத் தலை சுற்றினால் என்ன ஆகும் என்று ஒரு காட்சி ஓடியது. அதை நிறுத்த முடியவில்லை.

பூத்துக்குப் பக்கத்திலேயே சௌமின் என்கிற நூடுல்ஸ் விற்கிற வண்டி நின்றது. மிளகாய் மிதக்கிற வினிகர்ப் புட்டியை நாளெல்லாம் குலுக்குகிறவன் அவன். மூடியைத் திறந்து நீட்டியிருந்தால் ஒரு முகர்தலில் சொல்லியிருப்பான். எனக்கு அது தோன்றவேயில்லை. தமிழில் எழுதியதைத் தமிழ் தெரிந்தவர்கள்தான் சொல்ல முடியும் என்று புத்தி அந்த ஒரே தடத்தில் ஓடியது. சித்தி வீட்டு எண்ணைச் சுற்றினேன். நாலாவது முயற்சியில் லைன் கிடைத்தது. அம்மாவே எடுத்தாள்.

“அம்மா, வினிகர் பாட்டில்ல என்னம்மா எழுதி ஒட்டின?”

“எடுத்த எடுப்புல இது என்னட்டி கேள்வி? அன்னைக்கு இருந்த அவசரத்துல என்னமோ எழுதினேன். ஒட்டிருக்கும்லா, பாரு.”

“விஷம்னு எழுதினியா?”

“வினிகர்ல எதுக்குட்டி விஷம்னு எழுதப் போறேன்? என்ன ஆச்சு?”

“முதல் எழுத்து வி. கடைசி ம். நடுவுல தெரியலை.”

“தெரியலைன்னா? அழிஞ்சிட்டா?”

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். பத்து வருஷப் பழக்கம், நாக்கு நுனிக்கு வந்தும்விட்டது. ஆனால் அழிந்துவிட்டது என்று சொன்னால் அம்மாவால் அதற்கு மேல் ஒன்றும் சொல்ல முடியாது. அப்பா கப்பலில் இருக்கிறார்.

“அழியலைம்மா. எனக்குத்தான் தெரியலை.”

அம்மாவின் குரல் மெதுவாக வந்தது. “ரெண்டாவது எழுத்து எப்படி இருக்கு?”

“இங்கிலீஷ் டபிள்யூ மாதிரி இருக்கும்மா. கடைசிக் கோடு மட்டும் நேரா நிக்குது.”

“சரி. அடுத்தது?”

“எல் மாதிரி. மேல புள்ளி.”

“அதுக்கடுத்தது?”

“அது சிக்கலா இருக்கு. உள்ள வளைஞ்சு கீழ இறங்குது. பக்கத்துல கால் போட்டிருக்கு.” சொல்லும்போதே அழ ஆரம்பித்துவிட்டேன். பூத்துக்காரர் கண்ணாடியைத் தட்டி, “கீ ஹோலோ, போன்?” என்று விசாரித்தார். என்ன ஆச்சு தங்கச்சி என்கிறார். ரிசீவரை விடாமல் கையை மட்டும் ஆட்டினேன்.

“ய... ட்... நா...” என்று அம்மா தனக்குள்ளே கூட்டிப் பார்த்தாள். “ஏட்டி, வியட்நாம்! வியட்நாம்னுலா எழுதிருக்கேன்! உங்கப்பா படுத்துன பாட்டுல கேலிக்கு எழுதினேன். அது வினிகர்தாம்ட்டி!”

பூத்துக்குள்ளேயே தரையில் உட்கார்ந்துவிட்டேன். அப்பா தின்றதை, எரிகிறது என்றதை, மொசைக்கில் குமிழி வந்ததை, எல்லாவற்றையும் அழுதுகொண்டே கொட்டினேன். “அவருக்குத் தண்ணி குடிச்சாலே எரியும். ஆசிட்டுன்னா ஒரு வாய்க்கு மேல இறங்குமா, கழுதை” என்று சிரித்தாள். ஆசிட் தீர்ந்துபோய் அந்தப் புட்டியை மாஷி பழைய புட்டிக்காரனிடம் போட்டுவிட்டாள் என்பது மறுநாள்தான் தெரிந்தது. எங்கள் வீட்டில் இன்றைக்கும் வினிகருக்குப் பெயர் வியட்நாம்தான். அம்மா கடையில்கூட அப்படிக் கேட்டுவிட்டு நாக்கைக் கடித்துக்கொள்கிறாள்.

சிரிப்பு அடங்கியபோதுதான் அம்மா அதைக் கேட்டாள்.

“உனக்குத் தமிழ் படிக்கத் தெரியாதா?”

“தெரியாதும்மா.”

“அப்ப நான் போட்ட லெட்டரு?”

“புத்தகத்துக்குள்ள வச்சிருக்கேன்மா” என்றேன். நல்லா இருந்துச்சு என்று போன வாரம் சொன்ன அதே வாய்தான்.

“சரி. வீட்டுக்குப் போ. அப்பாவுக்கு ராத்திரி மோரு கரைச்சுக் குடு” என்று வைத்துவிட்டாள். கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். அவள் சாதாரணமாகச் சொன்னாள்.

வீட்டுக்கு வந்து கெமிஸ்ட்ரிப் புத்தகத்திலிருந்து லெட்டரை எடுத்தேன். இப்போது வேறு ஒரு பயம். இதில் அம்மா என்ன எழுதியிருப்பாள்? அம்மாவின் எழுத்தில் மேலும் கீழுமாகத் தேடினேன். ‘அப்பா’ இரண்டு இடத்தில் இருந்தது. மூன்றாவது வரியில் ஒரு சொல், அழுத்தி எழுதியது, மை கொஞ்சம் பரவியிருந்தது. முதல் எழுத்து அப்பாவின் நடுவில் வருவது, புள்ளி இல்லாமல். அடுத்தது, அரை மணி நேரத்துக்கு முன்னால் கற்றுக்கொண்ட டபிள்யூ. அடுத்தது, அம்மாவின் கடைசி எழுத்து. விரலை வைத்துக் கூட்டினேன். ப. ய. மா.

வாழ்க்கையில் நானாகப் படித்த முதல் தமிழ்ச் சொல் அது. பக்கத்தைத் திருப்பினேன். அங்கேயும் இருந்தது. மடிக்கிற இடத்தில், இடம் போதாமல் ஓரமாகச் சாய்த்து எழுதிய வரியில் மறுபடியும் இருந்தது. சாகப் போகிறவர்கள் மாதிரி ஒரு தரம்கூட முகத்தைத் தொங்கப் போடாமல், டப்பா டப்பாவாகக் காட்டிவிட்டு ரயில் ஏறியவள். அப்பாவிடம் சொல்லாமல் எனக்கு மட்டும் எழுதியிருக்கிறாள். நான் நல்லா இருந்துச்சு என்றிருக்கிறேன்.

லெட்டரைக் கையில் பிடித்தபடி மறுபடி பூத்துக்கு ஓடினேன். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. பூத்துக்காரர் ஒன்றும் கேட்காமல் கதவைத் திறந்துவிட்டார். சித்தி எடுத்து அம்மாவைக் கூப்பிட்டாள்.

“என்னட்டி, திரும்ப என்ன?”

“லெட்டரைப் படிச்சேன்மா.”

“யாரு படிச்சுக் காட்டினா?”

“நானேதான். ஒரே ஒரு வார்த்தைதான் தெரிஞ்சுது.”

“எது?”

“பயமா.”

புதன்கிழமைக்கு இன்னும் மூன்று நாள் இருந்தது.

“அது போதும்” என்றாள் அம்மா. “மிச்சமெல்லாம் கேஸ் சிலிண்டரு, பால்காரன், அவ்வளவுதாம்ட்டி.”